தவணை: ஹாரூன் ஃபரோக்கியின் சத்தமில்லாத படம்

ஹாரூன் ஃபரோக்கியின் 'ஆஃப்ஷுப்' (2007) படத்தில் சத்தமே கிடையாது. முதல் தடவை பார்த்தபோது லேப்டாப் ஸ்பீக்கர்தான் போய்விட்டதென்று வால்யூமைக் கூட்டிக்கொண்டே இருந்தேன். நாற்பது நிமிடமும் அப்படித்தான்.

ஆஃப்ஷுப் என்றால் ஜெர்மனில் தள்ளிப்போடுதல். தவணை என்றும் சொல்லலாம். காட்சி எதையும் ஃபரோக்கி எடுக்கவில்லை. நெதர்லாந்தின் வெஸ்டர்போர்க் முகாமிலிருந்து ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் ரயிலேற்றி அனுப்பப்பட்டார்கள், பெரும்பாலும் ஆஷ்விட்ஸுக்கும் சோபிபோருக்கும். 1944இல் முகாமின் நாஜித் தளபதி கெம்மெக்கர் ஒரு படம் எடுக்கச் சொன்னார். எடுத்தவர் ருடால்ஃப் பிரெஸ்லாவர், அங்கேயே அடைபட்டிருந்த யூதர். பின்னால் அவரும் ஆஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டார், திரும்பவில்லை. முடிக்கப்படாமல் கிடந்த அந்த பிலிமுக்கு நடுவே ஃபரோக்கி சேர்த்தது சில வரி எழுத்து, அவ்வளவுதான். பழைய பிலிம் கிடைத்தால் வண்ணம் பூசி வயலினை இழுத்துவிடுகிற இந்தக் காலத்தில் இதுவே பெரிய ஆறுதல்.

நான் கொடுமையை எதிர்பார்த்து உட்கார்ந்தேன். திரையில் ஆட்கள் மும்முரமாக வேலை செய்கிறார்கள், உடற்பயிற்சி செய்கிறார்கள், மேடையில் ஆடுகிறார்கள், சிரிக்கிறார்கள். இதென்ன பொய் என்று கோபம்தான் வந்தது. முகாம் உபயோகமானது, மூடிவிடாதீர்கள் என்று மேலிடத்துக்குக் காட்டவே தளபதிக்கு இந்தப் படம். ஆனால் கைதிகளுக்கும் அதே ஆசை இருந்தது. வேலை இருக்கும்வரை ரயில் தள்ளிப்போகும். அவனுடைய விளம்பரமும் இவர்களுடைய உயிராசையும் ஒரே ஃபிரேமில். அந்தச் சிரிப்பைப் பொய் என்று ஒதுக்க முடியாமல் போனது அங்கேதான்.

பிறகு பிளாட்பாரம். தன்னைக் கொண்டுபோகப்போகும் சரக்குப் பெட்டியின் கதவைச் சாத்த ஒருவர் தானே கை கொடுக்கிறார். ஒரு பெண்ணைத் தள்ளுவண்டியில் கொண்டுவருகிறார்கள். அவருடைய சூட்கேஸில் பெயரும் பிறந்த தேதியும் எழுதியிருக்கிறது. ஃபரோக்கி அதைப் பெரிதாக்கிக் காட்டுகிறார். ரயிலேறியவர்களின் பட்டியலோடு ஒப்பிட்டதில் அந்த நாள் தெரிந்துவிட்டது: 1944 மே 19. தளபதி இதைக் காட்டச் சொல்லியிருக்க மாட்டார். விமர்சகனாக எனக்கு இந்தப் படத்தில் ஆகப் பெரிய விஷயம் இந்த சூட்கேஸ்தான்.

அதே ரயிலின் கதவிடுக்கில் தலையில் துணி கட்டிய சிறுமி ஒருத்தி வெளியே பார்க்கிறாள். செட்டெலா ஸ்டைன்பாக், ஒன்பது வயது, சிந்தி இனத்தவள். பல பத்தாண்டுகள் அவளை யூதச் சிறுமி என்றே நினைத்திருந்தார்கள். 1994இல்தான் ஒரு டச்சுப் பத்திரிகையாளர் அவள் யாரென்று கண்டுபிடித்தார். அவள் முகத்திலிருந்த பயத்தைப் பார்த்தபின்தான் பிரெஸ்லாவர் குளோசப்புகளைத் தவிர்த்தாரோ என்பது ஃபரோக்கியின் ஊகம்.

ஓரிடத்தில் எனக்கு அவரோடு ஒத்துப்போகவில்லை. பார்த்த காட்சிகளையே மறுபடி காட்டி, பல் மருத்துவரைப் பார்த்தால் பிணங்களிடம் பிடுங்கிய தங்கப்பல் நினைவுக்கு வருகிறது, புல்லில் ஓய்வெடுப்பவர்களைப் பார்த்தால் பிணங்கள் நினைவுக்கு வருகின்றன என்கிறார். வரும்தான். ஆனால் புல்லில் சாய்ந்திருப்பவருக்கு அது மதிய இடைவேளை. அதை அவரிடமிருந்து பிடுங்க நாம் யார்?

இதுவரை மூன்று தடவை பார்த்துவிட்டேன். ஒவ்வொரு முறையும் நிறுத்துவது ஒரே இடத்தில். பெட்டியின் வெளிப்புறத்தில் ஆட்களின் எண்ணிக்கையை சாக்பீஸால் எழுதியிருக்கிறார்கள். 74 என்றிருந்ததை யாரோ 75 ஆகத் திருத்தியிருக்கிறார்கள்.