காலண்டர் தாளில் எழுதிய பாட்டு

1931ஆம் ஆண்டு. அமெரிக்காவின் கென்டக்கி மாநிலத்தில், ஹார்லன் கவுன்ட்டி என்ற மலைப் பகுதி. ஒரு நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளியின் வீட்டுக்குள் ஷெரீஃபின் ஆட்கள் துப்பாக்கிகளோடு நுழைந்தார்கள். அவர்கள் தேடி வந்தது தொழிற்சங்கம் கட்டிக்கொண்டிருந்த சாம் ரீஸை. அவரோ முன்பே தகவல் கிடைத்துத் தலைமறைவாகிவிட்டார். வீட்டில் இருந்தவர்கள் மனைவி ஃப்ளாரன்ஸும் குழந்தைகளும்தான். வந்தவர்கள் வீட்டைத் தலைகீழாகப் புரட்டிப் போட்டுவிட்டுப் போனார்கள். அவர்கள் போனதும் ஃப்ளாரன்ஸ், சுவரில் தொங்கிய காலண்டரிலிருந்து ஒரு தாளைக் கிழித்து, அதன்மேல் ஒரு பாட்டு எழுதினார். ‘விச் சைட் ஆர் யூ ஆன்?’ அந்தப் பாட்டின் பெயர். நீ எந்தப் பக்கம் என்று பொருள்.

தொண்ணூறு ஆண்டுகளைத் தாண்டிய பிறகும் பாடப்படுகிறது அந்தப் பாட்டு. சிறையில், ஊர்வலத்தில், ராக் மேடையில், ஒருமுறை சிம்பொனி அரங்குக்குள்ளும் ஒலித்திருக்கிறது. இதன் கவர் வெர்ஷன்களைத் தேடிக் கேட்பவர்கள் வழக்கமாக எழுப்பும் கேள்வி, யார் நன்றாகப் பாடியிருக்கிறார்கள் என்பது. குரலினிமையை வைத்து அளந்தால் இந்தப் பாட்டு பிடிபடாது. ஒவ்வொரு முறையும் யார், யாரைப் பார்த்து, எந்த இடத்தில் நின்று கேட்கிறார்கள் என்று கவனித்தால்தான் இது முழுதாகத் திறக்கும்.

அதற்கு முதலில் ஹார்லனைத் தெரிந்துகொள்ள வேண்டும். பொருளாதார மந்தம் உச்சத்தில் இருந்த அந்த ஆண்டின் தொடக்கத்தில், சுரங்க முதலாளிகள் கூலியில் பத்து சதவீதத்தை வெட்டினார்கள். சங்கத்தில் சேர்ந்தவர்களுக்கு வேலை போனது. குடியிருந்த வீடும் கம்பெனியுடையது என்பதால் வீடும் போனது. ஷெரீஃப் ஜே.ஹெச். பிளேரின் துணை அதிகாரிகளில் பெரும்பாலோருக்குச் சம்பளம் தந்தவர்களே கம்பெனிக்காரர்கள்தான். மே 5 அன்று எவர்ட்ஸ் என்ற சிற்றூரில் நடந்த துப்பாக்கிச் சண்டையில் நான்கு பேர் இறந்தார்கள். ‘ரத்த ஹார்லன்’ என்ற பெயர் ஒட்டிக்கொண்டது. இந்த ஊரில் நடுவில் நிற்க இடமில்லை, ஒன்று சங்கத்து ஆள், இல்லையென்றால் ஷெரீஃப் பிளேரின் அடியாள் என்று ஃப்ளாரன்ஸ் எழுதியது இந்தச் சூழலில்தான். சுரங்க விபத்தில் தந்தையைப் பறிகொடுத்தவர் அவர். அவருடைய வரிகளில் அலங்காரம் எதுவும் கிடையாது.

மெட்டைக் கேளுங்கள்

நம்முடைய பழைய பாட்டுப் புத்தகங்களில் பாட்டின் தலைமாட்டில் ‘இன்ன மெட்டு’ என்று அச்சிட்டிருப்பார்கள். தெரிந்த மெட்டில் புதிய சொல்லை ஏற்றினால் பாட்டு ஒரே நாளில் ஊர் முழுக்கப் பரவிவிடும். ஃப்ளாரன்ஸ் செய்ததும் அதுதான். தேவாலயத்தில் பாடிப் பழகிய பாப்டிஸ்ட் பாடல் ஒன்றின் மெட்டை எடுத்துக்கொண்டார். அதே மெட்டின் சாயல் ‘ஜாக் மன்றோ’ என்ற பழைய பிரிட்டிஷ் கதைப்பாடலிலும் இருப்பதை ஆய்வாளர்கள் காட்டியிருக்கிறார்கள். மைனர் ஸ்கேலில் அமைந்த மெட்டு என்பதால் கோபத்துக்கு அடியில் ஒரு துக்கம் ஓடுகிறது. பெரிய ஏற்ற இறக்கமும் இல்லை. பயிற்சி இல்லாத தொண்டைக்கும் எட்டும் சுரங்கள். பல்லவியில் அந்தக் கேள்வி மட்டுமே திரும்பத் திரும்ப வருகிறது. சரணத்தைத் தனிக்குரல் பாட, பல்லவியைக் கூட்டம் எடுத்துக்கொள்ளலாம். ஒரு பதிவைக் கேட்கும்போது பல்லவியில் எத்தனை குரல்கள் சேர்கின்றன என்று கவனியுங்கள். பாடகர் தனியாக நிற்கிறாரா, பின்னால் ஆட்கள் இருக்கிறார்களா என்பது அங்கே தெரிந்துவிடும்.

மாறிய சொல்லைப் பிடியுங்கள்

பாடகர் பீட் சீகர் 1940இல் ஒரு சுரங்கத் தொழிலாளியிடமிருந்து இந்தப் பாட்டைக் கற்றுக்கொண்டார். அவரும் லீ ஹேஸும் மில்லர்ட் லாம்பெல்லும் இருந்த அல்மனாக் சிங்கர்ஸ் குழு, 1941இல் ‘டாக்கிங் யூனியன்’ என்ற இசைத்தட்டுத் தொகுப்பில் இதைப் பதிவு செய்தது. மலைக்குள் இருந்த பாட்டு நாடு முழுவதும் போய்ச் சேர்ந்தது இந்தப் பதிவால்தான். சீகரின் பாஞ்சோ ஒலியும், பல்லவியில் தோளோடு தோள் உரசி நிற்கும் குரல்களும் இன்றைக்கும் சுறுசுறுப்பாக இருக்கின்றன.

போகிற வழியில் ஒரு வரி மாறியது. ஃப்ளாரன்ஸின் மூலத்தில், சுரங்கத் தொழிலாளியான அப்பா இப்போது நிலத்தடியில் இல்லை, வெளியே வெயிலில் இருக்கிறார் என்ற பொருளில் ஒரு வரி உண்டு. கேட்பதற்கு இதமாகத் தோன்றும். உண்மையில் அது கறுப்புப் பட்டியலில் பெயர் ஏறி வேலை பறிபோனதைச் சொல்வது. பிரபலமான பதிவுகளில் அந்த இடத்தில், பாடுகிறவர் தன்னைச் சுரங்கத் தொழிலாளியின் மகன் என்று சொல்லிக்கொள்கிறார். வரி எளிமையானது, பாட எடுப்பாகவும் ஆனது. ஆனால் வேலை இழந்த ஒரு வீட்டின் வலி கைநழுவியது. எழுதியவர் ஒரு பெண் என்ற தடமும் அதோடு மங்கிப்போனது. கவர் வெர்ஷன்களை ஒப்பிட்டுக் கேட்பவருக்கு இந்த ஒரு வரியே நல்ல உரைகல்.

யாரைப் பார்த்துக் கேட்கிறார்கள்?

1961இல் பேருந்துகளில் நிறப்பாகுபாட்டை எதிர்த்துப் பயணம் செய்த ஃப்ரீடம் ரைடர்கள் மிசிசிப்பியில் கைதானார்கள். அவர்களில் ஒருவரான ஜேம்ஸ் ஃபார்மர், சிறைக்குள்ளேயே இந்த மெட்டுக்குப் புதிய வரிகள் எழுதினார். ஹார்லனில் கேள்வி தொழிலாளியை நோக்கிப் பாய்ந்தது. மிசிசிப்பியில் அது ஒதுங்கி நின்ற கறுப்பின மக்களையே நோக்கித் திரும்பியது. எதிரியைப் பழிப்பது எளிது, தன் சொந்த மக்களைப் பார்த்து நீ எந்தப் பக்கம் என்று கேட்பது கடினம். இந்தப் பாட்டின் கூர்மை முழுவதும் அங்கேதான் இருக்கிறது. பின்னால் வந்த ஃப்ரீடம் சிங்கர்ஸ் குழு இதைக் கைதட்டலோடு, தேவாலயக் குழுப்பாடலின் நடையில் பாடியது. வழிபாட்டு மெட்டு ஒன்று சுரங்கத்துக்குப் போய், முப்பது ஆண்டுகள் கழித்து வேறொரு மக்களின் தேவாலயத்துக்கு வந்து சேர்ந்திருக்கிறது.

பிரிட்டனில் 1984 மார்ச்சில் தொடங்கி ஓராண்டு நீடித்த சுரங்கத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தின்போது, பாடகர் பில்லி பிராக் தன் சொந்த வரிகளோடு இதைப் பாடினார். 1985இல் ‘பிட்வீன் த வார்ஸ்’ என்ற சிறு தொகுப்பில் அது வெளிவந்தது. ஒரே குரல், ஒரே எலெக்ட்ரிக் கிட்டார். கம்பிகளை அவர் மீட்டுவதில்லை, அறைகிறார். பல்லவியைத் தாங்க ஒரு கூட்டமும் பின்னால் இல்லை. தோல்வியை நோக்கிச் சென்றுகொண்டிருந்த ஒரு போராட்டத்தில் அந்தத் தனிமைக்குத் தனி அர்த்தம் உண்டு.

பாஸ்டனின் ட்ராப்கிக் மர்ஃபிஸ் குழு 2001இல் இதை ஐரிஷ் பங்க் வேகத்தில் பாடியது. அங்கே துக்கம் பின்னால் போய், ஆவேசம் முன்னால் வருகிறது. நேர்மாறாக, நடாலி மெர்ச்சன்ட் 2003இல் நாட்டார் பாடல்களை வைத்துச் செய்த தொகுப்பில் இதை நிதானமாக, ஆழ்ந்த குரலில் பாடினார். இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் மெட்டுக்குள் ஒளிந்திருக்கும் இரு முகங்களும் தெரியும். ஆனி டிஃப்ராங்கோ 2012இல் இதைத் தன் இசைத்தொகுப்பின் தலைப்பாகவே வைத்து, சரணங்களைத் தன் காலத்து அரசியலுக்கு மாற்றி எழுதினார். அந்தப் பதிவின் தொடக்கத்தில் பாஞ்சோ வாசிப்பவர் பீட் சீகர். அப்போது அவருக்கு வயது தொண்ணூறைத் தாண்டியிருந்தது.

அரங்கத்துக்குள் நுழைந்த பாட்டு

2014 ஆகஸ்டில் அமெரிக்காவின் ஃபெர்குசன் நகரில் மைக்கேல் பிரவுன் என்ற கறுப்பின இளைஞர் போலீஸ்காரரால் சுட்டுக் கொல்லப்பட்டார். அக்டோபர் 4 அன்று, பக்கத்து நகரமான செயின்ட் லூயிஸின் பவல் ஹாலில் சிம்பொனி கச்சேரி. இடைவேளை முடிந்து பிராம்ஸின் ‘ஜெர்மன் ரெக்விம்’ தொடங்க இருந்தது. அது இறந்தவர்களை நினைத்து எழுதப்பட்ட இசை. அப்போது டிக்கெட் வாங்கி உள்ளே உட்கார்ந்திருந்த சிலர், இங்கொருவர் அங்கொருவராக எழுந்து நின்று, பிரவுனுக்காக இந்தப் பாட்டைப் பாடத் தொடங்கினார்கள். பால்கனியிலிருந்து பதாகைகள் இறங்கின. பாடி முடித்து அமைதியாக வெளியேறினார்கள். பார்வையாளர்கள் சிலரும் இசைக்கலைஞர்கள் சிலரும் கைதட்டினார்கள்.

இந்தக் காட்சியின் வீடியோ பதிவு இருக்கிறது. எந்த வாத்தியமும் இல்லை. இருந்தும் மற்ற எல்லாப் பதிவுகளையும்விட ஃப்ளாரன்ஸின் எண்ணத்துக்கு நெருங்கி நிற்பது இதுதான். காரணம், கேள்வி யாரை நோக்கியதோ அவர்கள் அதே அறையில், கைக்கெட்டும் தூரத்தில் உட்கார்ந்திருந்தார்கள்.

கேட்கும் வரிசை

முதலில் அல்மனாக் சிங்கர்ஸைக் கேட்டு மெட்டையும் அமைப்பையும் மனதில் பதித்துக்கொள்வது நல்லது. அடுத்து ஃப்ரீடம் சிங்கர்ஸ், அதன்பின் பில்லி பிராக். பிறகு மர்ஃபிஸ், மெர்ச்சன்ட் இருவரையும் ஒன்றன்பின் ஒன்றாக. அதற்குப் பின் டிஃப்ராங்கோ, கடைசியாக பவல் ஹால் வீடியோ. ஒவ்வொன்றிலும் ஷெரீஃப் பிளேரின் பெயர் இருந்த இடத்தில் இப்போது யார் இருக்கிறார் என்று குறித்துக்கொள்ளுங்கள். சிலர் அந்தப் பெயரை அப்படியே வைத்திருப்பார்கள். அவர்கள் வரலாற்றைப் பாடுகிறார்கள். சிலர் அங்கே புதிய பெயரைப் பொருத்தியிருப்பார்கள். அவர்கள் தங்கள் ஊர்ச் செய்தியைப் பாடுகிறார்கள். இரண்டும் தேவைதான். ஆனால் இந்தப் பாட்டை உயிரோடு வைத்திருப்பவர்கள் இரண்டாம் வகையினர்.

இவ்வளவும் கேட்ட பிறகு, பார்பரா காப்பிள் இயக்கி 1976இல் வெளிவந்து ஆஸ்கர் வென்ற ‘ஹார்லன் கவுன்ட்டி, யு.எஸ்.ஏ.’ ஆவணப்படத்தைப் பார்த்துவிடுங்கள். 1973இல் அதே ஹார்லனில் மறுபடி நடந்த வேலைநிறுத்தம் பற்றிய படம். அதில் எழுபதைக் கடந்த ஒரு மூதாட்டி கூட்டத்தின் முன் நின்று, வாத்தியத் துணை எதுவும் இல்லாமல், இந்தப் பாட்டைப் பாடுகிறார். அவர்தான் ஃப்ளாரன்ஸ் ரீஸ். 1986 ஆகஸ்டில், 86 வயதில், டென்னசி மாநிலத்தின் நாக்ஸ்வில் நகரில் அவர் காலமானார். கடலுக்கு அப்பால் பில்லி பிராக்கின் பதிவு வெளிவந்தது அதற்கு முந்தைய ஆண்டு.