தும்மலுக்குப் பின்னால் ஒரு ஆள்

அமெரிக்காவின் மிசௌரி. தூரத்தில் வானம் மின்னிக்கொண்டிருக்கிறது, சட்டகம் அசையவில்லை. திடீரென்று காமிராவுக்குப் பின்னாலிருந்து தும்மல், பிம்பம் குலுங்குகிறது. வேறு எந்த டாக்குமெண்டரியாக இருந்தாலும் எடிட்டிங்கில் வெட்டி எறியப்பட்டிருக்கும் துண்டு. கர்ஸ்டன் ஜான்சன் தன் 'கேமராபெர்சன்' (2016) படத்தின் தொடக்கத்திலேயே இதை வைக்கிறார்.

25 வருஷம் பிறருடைய படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர். தெரிதாவைப் பற்றிய படம் (2002), லாரா பொய்ட்ராஸின் 'தி ஓத்' (2010), 'சிட்டிசன்ஃபோர்' (2014) என்று நீளும் வரிசை. அங்கெல்லாம் எடுத்ததைப் பொறுக்கி அடுக்கி, இதை என் நினைவுக்குறிப்பாகப் பாருங்கள் என்கிறார்.

எனக்கு இடறியது இங்கேதான். யாருடைய நினைவு? நைஜீரியாவில் பிறந்த குழந்தை மூச்சுக்குத் திணறுகிறது. ஆக்சிஜன் வேண்டும், அந்த ஆஸ்பத்திரியில் கிடையாது. காமிரா நின்று பார்க்கிறது. அந்தத் திணறல் எப்படி ஒரு அமெரிக்கப் பெண்ணின் சுயசரிதையாகும்? இதை அபகரிப்பு என்று எழுதிவிட்டுப் போவது சுலபம். நானும் முதலில் அப்படித்தான் குறித்து வைத்திருந்தேன்.

ஆனால் போஸ்னியாவில், ஃபோச்சா பக்கத்து மலைக்குடும்பத்தில், ஒரு பொடியன் கோடாலியை வைத்து விளையாடுகிறான். காமிராவுக்குப் பின்னால் ஜான்சன் பதறுவது காதில் விழுகிறது. படம்பிடிப்பதையோ நிறுத்தவில்லை. இந்த முரணை அவர் மறைக்கவில்லை. கருக்கலைப்பு கிளினிக்கில் பேசும் பெண்ணின் முகம் சட்டகத்துக்குள் வருவதே இல்லை, கைகள் மட்டும். எதைக் காட்டக்கூடாது என்று முடிவெடுப்பதும் அதிகாரம்தான். அதைக் கூச்சத்தோடு செலுத்துகிறார். நினைவு தப்பிப்போன சொந்தத் தாயையும் அதே காமிரா முன் நிறுத்துகிறார். வீட்டுக்கு ஒரு நியாயம், ஊருக்கு ஒரு நியாயம் இல்லை. இருந்தாலும் அம்மாவிடம் சம்மதம் கேட்டிருக்க முடியுமா என்பது என்னை விடவில்லை.

சில வருஷம் கழித்து, எடுத்த காட்சிகளைத் தூக்கிக்கொண்டு அந்த போஸ்னியக் குடும்பத்திடமே திரும்பிப் போகிறார். அவர்கள் உட்கார்ந்து தங்களையே பார்க்கிறார்கள்.

படம் முடிந்த பிறகு எனக்கு வேறொன்று ஞாபகம் வந்தது. வீடுகள் எரிக்கப்பட்ட ஒரு தெருவில் நாள்முழுக்க உட்கார்ந்து செல்போனில் பேச்சைப் பதிந்துகொண்டு வந்தேன். கட்டுரை வந்தது, நண்பர்கள் பாராட்டினார்கள். பேசிய பாட்டி, அச்சாகி வந்தா ஒண்ணு கொண்டாந்து குடு தம்பி என்றிருந்தார். அந்த இதழ் இன்னும் என் அலமாரியில்தான் இருக்கிறது.