விட்டலாச்சாரியா: சிக்கனத்தில் விளைந்த மாயம்

நம்ப இயலாத நிகழ்ச்சி ஒன்றைக் கேட்டவுடன், "இதென்ன விட்டலாச்சாரியா படமா?" என்று வினவும் வழக்கம் தமிழரிடையே உண்டு. இவ்வாறு பொதுச்சொல்லாகிவிட்ட பெயர் வேறு எந்த இயக்குநருக்கு வாய்த்தது? ஆயினும் தமிழ்த் திரைப்பட ஆராய்ச்சியில் அவர் படங்கள் சிறுவர்க்கான வேடிக்கை என்ற அளவில் ஒதுக்கப்பட்டே வந்துள்ளன. இவ்வொதுக்கல் நேர்மையானதன்று என்பது என் கருத்து.

உடுப்பியை அடுத்த உத்யாவரத்தில் 1920இல் பிறந்தவர் பி. விட்டலாச்சாரியா. டி. சங்கர் சிங்குடன் கூட்டாக மகாத்மா பிக்சர்ஸ் வாயிலாகக் கன்னடப் படங்களைத் தயாரித்தார். பின்னர்ச் சொந்த நிறுவனம் தொடங்கிச் சென்னைக்குக் குடிபெயர்ந்து, பெரும்பாலும் தெலுங்கில் படமெடுத்தார். தெலுங்கர் அவரை 'ஜானபத பிரம்மா' எனப் போற்றினர். தமிழரோ மொழிமாற்றத்தில் கண்டு களித்தனர்; களித்தபின் அவரை நம்மவராகக் கொள்ளவில்லை. பிறந்த மொழி ஒன்று, பிழைத்த மொழி மற்றொன்று என வாழும் நம்மைப் போன்றோர்க்கு இது புதிய செய்தியன்று.

சொந்தப் பொறுப்பில் படமெடுப்பவர் நாளையும் பிலிமையும் எண்ணியே செலவிட வேண்டும். குறித்த நாளில், குறித்த தொகைக்குள் முடிப்பவர் என்பது திரையுலகில் அவர் பெற்ற பெயர். அழைத்த நாளில் வராத நடிகரை, முனிவர் சாபத்தால் கிளியாகவோ ஆடாகவோ மாற்றிவிட்டு, அவரின்றியே கதையை நடத்திவிடுவார் என்றொரு செய்தி நெடுங்காலமாக வழங்கிவருகிறது. மெய்யோ கட்டுக்கதையோ, அவர் கலையின் இயல்பு இதில் அடங்கியிருக்கிறது. நாட்டுப்புறக் கதையில் எதுவும் எதுவாகவும் மாறலாம். அவ்வுரிமை கற்பனைக்கும் உதவியது, பணப்பெட்டிக்கும் உதவியது.

பந்திபோட்டு (1963), அக்கி பிடுகு (1964), லட்சுமி கடாட்சம் (1970) முதலியவற்றில் என்.டி. ராமராவ் இருந்தார்; அங்கே வாள்வீச்சும் நாயகனின் பொலிவும் படத்தைத் தாங்கின. 1978இல் வெளிவந்த ஜெகன்மோகினியில் அத்தகைய நாயகர் இல்லை. நரசிம்மராஜு, பிரபா, ஜெயமாலினி ஆகியோரே முதன்மை நடிகர்கள். ஆகவே தந்திரக் காட்சியே நாயகனாயிற்று.

அப்படத்தில் யாவரும் நினைவில் வைத்திருப்பது அடுப்படிக் காட்சி. பெண்ணுருவில் வீட்டுக்குள் புகுந்த பேய், விறகுக்குப் பதிலாகத் தன் கால்களையே அடுப்பினுள் நீட்டிச் சமைக்கிறது. கால்கள் எரிகின்றன, அவள் முகத்தில் வலியின் சாயலும் இல்லை. இக்காட்சிக்கு வேண்டியவை ஓர் அடுப்பு, ஒரு பெண், சிறிது தந்திரம், அவ்வளவே. சுடுகாட்டிலும் பாழ்மண்டபத்திலும் பேயைக் காட்டியவர் பலர். நாள்தோறும் நம் தாய்மார் குனிந்து ஊதும் அடுப்பின் முன் அதனை உட்காரவைத்தவர் இவர். வீட்டு வேலையில் தன்னையே எரித்துக்கொள்ளும் பெண் என்பதை உருவகமாகச் சொன்னால் தலையசைப்போம். இங்கே அது கண்முன் நிகழ்கிறது. இயக்குநர் இவ்வளவும் எண்ணித்தான் எடுத்தாரா என்பது வேண்டாத ஆராய்ச்சி. காட்சியில் அது இருக்கிறது. பெருஞ்செலவில் அரண்மனை எழுப்ப வசதியுள்ளவர்க்கு அடுப்படி நினைவுக்கு வந்திராது என்றே தோன்றுகிறது.

குறைகளை மறைக்க வேண்டுவதில்லை. ஒரே கதை பெயர் மாறி மாறி வருகிறது; ஜெகன்மோகினி என்ற தலைப்பே 1951இல் மகாத்மா பிக்சர்ஸ் கன்னடத்தில் பயன்படுத்தியதுதான். இக்கட்டு முற்றியவுடன் தெய்வம் தோன்றித் தீர்த்துவைக்கிறது. மாந்தர்க்குத் தம் செயலின் விளைவைத் தாமே சுமக்கும் நிலை வருவதில்லை. கவர்ச்சி நடனங்கள் கதையை நிறுத்திவிட்டே ஆடப்படுகின்றன. வணிகத்துக்காக அவர் செய்துகொண்ட இச்சமரசம் சிக்கனத்தால் வந்ததன்று. ஆதலின் அதற்குச் சிக்கனத்தைக் காட்டி விலக்களிக்க இயலாது.

1999 மே மாதத்தில் அவர் மறைந்தார். பத்தாண்டு கழித்து, 2009இல், என்.கே. விசுவநாதன் இயக்கத்தில் நமீதா நடிக்க, ஜெகன்மோகினி தமிழிலேயே மீண்டும் எடுக்கப்பட்டது. கணினி வரைகலை தாராளமாகத் துணை நின்றது. அந்தப் பழைய அடுப்பின் அனல் மட்டும் அதில் எனக்குப் படவில்லை.