ரோஜாவின் கணவன் திரும்பி வந்தான்

மணிரத்னத்தின் 'ரோஜா' 1992இல் வந்தது. நாகர்கோவிலில் அம்மையோடு பார்த்து அழுதேன். சுந்தரபாண்டியபுரத்துப் பெண், நம்ம பக்கத்துப் பிள்ளை. மொழி தெரியாத காஷ்மீரில், தேசம் கிடக்கட்டும், என் புருஷனைத் தா என்று அதிகாரியிடமும் அமைச்சரிடமும் அவள் மல்லுக்கு நிற்பதை இன்றும் மதிக்கிறேன்.

ஒக்கிப் புயலுக்குப் பிறகு மறுபடி பார்த்தேன். 2017 டிசம்பரில் குழித்துறை ரயில் நிலையத்தை மறித்த எங்கள் கடற்கரைப் பெண்கள் கேட்டதும் அதையேதான். உடல் கிடைக்காவிட்டால் ஏழு வருடம் காத்திரு என்கிறது சட்டம். (ஒக்கியில் போனவர்களுக்கு அது தளர்த்தப்பட்டது, போராடிய பிறகு.) காஷ்மீரில் அப்படிக் காத்திருப்பவளுக்கு 'அரை விதவை' என்றே பெயர்.

படத்தில் அவள் இல்லை. பர்வீனா அஹங்கரின் பதின்வயது மகனைப் படையினர் கொண்டுபோனது 1990இல். அவர் 1994இல் காணாமற்போனோரின் பெற்றோருக்காகச் சங்கம் தொடங்கினார், மகன் வரவில்லை. அதே 1990இல் பள்ளத்தாக்கை விட்டோடி ஜம்மு முகாம்களின் கூடாரத்தில் பிள்ளை வளர்த்த பண்டிதப் பெண்களும் படத்தில் இல்லை. ரோஜாவின் அழுகைக்கு மட்டும் அமைச்சர்வரை கதவு திறக்கிறது. தீவிரவாதியின் தங்கை ஒருத்தி வருகிறாள். கதாநாயகனைத் தப்பவிடுகிறாள், அவ்வளவுதான் அவளுக்கு வேலை. அண்ணன் அவளை என்ன செய்தான் என்று நமக்குக் கவலையில்லை. பனி மட்டும் நிறைய.

டிவியில் போட்டால் அம்மை இப்போதும் உட்கார்ந்துவிடுவாள். கடைசியில் அவன் ஓடிவரும்போது நான் அடுக்களைக்குப் போய்விடுகிறேன்.