ஐம்பதாயிரம் அடி

ஆவணப்படத்தில் மூன்று விநாடி ஓடி மறையும் பழைய காட்சியைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குப் பயண எழுத்தாளர் ஏ.கே. செட்டியார் நினைவுக்கு வருவார். 1937-இல் நியூயார்க்கிலிருந்து புறப்பட்ட கப்பலில் அவருக்கு ஓர் எண்ணம்: காந்தியைப் பற்றிப் படம் எடுக்க வேண்டும். எடுக்க என்பதைவிடத் தேட என்பதே சரி. காந்தியைப் படம்பிடித்தவர்கள் ஏற்கெனவே பல நாடுகளில் இருந்தார்கள். யாரிடம் எந்தச் சுருள் கிடக்கிறது என்பதுதான் தெரியாது.

மின்னஞ்சல் இல்லாத காலம். கடிதம் போட்டு, கப்பலேறி, கதவைத் தட்டி, ஏறத்தாழ நூறு காமிராக்காரர்கள் முப்பது ஆண்டுகளில் எடுத்த ஐம்பதாயிரம் அடிப் படச்சுருளைத் திரட்டினார். தொடர்ந்து ஓட்டினால் ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும். அதுவும் அந்தக் காலத்து நைட்ரேட் சுருள். ஒரு பொறி பட்டால் போதும், பற்றிக்கொள்ளும். 1940-இல் சென்னையில் படம் வெளியானபோது மிஞ்சியது சுமார் பன்னிரண்டாயிரம் அடி. இவ்வளவு அலைந்து கொண்டுவந்ததில் முக்கால் பங்கை வெட்டி ஒதுக்க எப்படித்தான் மனம் வந்ததோ!

பழைய சுருளைத் தேடும் இந்த வேலையில் கண்ணைவிடக் காதுதான் முக்கியம் என்பது என் எண்ணம். யாரோ போகிறபோக்கில் சொல்லும் ஒரு பெயர், எந்த ஊர்க் கிடங்கிலோ கிடக்கும் ஒரு தகரப் பெட்டி. அந்த நூலைப் பிடித்துக்கொண்டு போக வேண்டும்.

பிறகு செட்டியாரின் அந்தப் படமே காணாமல் போயிற்று. பல பத்தாண்டுகள் கழித்து, அதன் ஆங்கில வடிவத்தின் பிரதி ஒன்று அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் அகப்பட்டது. அதையும் ஒருவர் தேடித்தான் எடுத்தார்.