பேசாத மணமக்கள்

‘எங்கள் கல்யாணம் எங்களைப் போலவே இருக்க வேண்டும்’ என்று மணமக்கள் இப்போது கேட்பதைப் பலர் பெரிய மாற்றமாகக் கொண்டாடுகிறார்கள். பெரியவர்கள் பேசி, பெரியவர்கள் நடத்திவந்த ஒன்றை மணமக்கள் தங்கள் கைக்குக் கொண்டுவந்துவிட்டார்கள் என்பது அவர்கள் கட்சி. அதில் நியாயம் உண்டு. சேலையின் நிறத்தைக்கூட மாமியார் வீடு முடிவு செய்த காலத்தைவிட இது மேல்தான். விதைத்தாளில் அழைப்பிதழ் அடிப்பதும், தாம்பூலப் பையோடு மரக்கன்று கொடுப்பதும், தாத்தா பாட்டியின் பழைய கல்யாணப் படத்தைத் தேடி எடுத்து வாசலில் வைப்பதும் அன்போடு செய்யப்படுபவை. அவற்றோடு எனக்குச் சண்டை இல்லை.

என் கேள்வி வேறு: இந்தச் சொந்த முத்திரை எதன்மேல் விழுகிறது, எதை விட்டுவிடுகிறது? வரவேற்பு மாலையைப் பாருங்கள். வாசலில் மணமக்களின் கேலிச்சித்திரம், இருவர் பெயரையும் ஒட்டி உருவாக்கிய ஹேஷ்டேக், இருவரும் சந்தித்த கதையைச் சொல்லும் காணொளி, புகைமண்டலத்துக்கு நடுவே ‘கப்பிள் என்ட்ரி’. அங்கே எல்லாம் அவர்களைப் பற்றியே இருக்கிறது. மறுநாள் விடியற்காலை முகூர்த்தத்தில் அதே இருவரும் தங்கள் சொல்லாக எதையும் பேசுவதில்லை. மந்திரங்களைப் புரோகிதர் சொல்கிறார். பொருள் தெரியாமல் மாப்பிள்ளை திருப்பிச் சொல்கிறார். பெண் குனிந்த தலையோடு அமர்ந்திருக்கிறாள். கெட்டிமேளம் முழங்குகிறது, தாலி ஏறுகிறது. ‘உன்னோடு இப்படி வாழ்வேன்’ என்று ஒருவரும் மற்றவரிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. கல்யாணத்தைக் கல்யாணமாக்கும் அந்த நிமிடத்தில்தான் மணமக்களின் சொந்தக் குரல் இல்லை. சுற்றியுள்ள அலங்காரத்தை மட்டும் மாற்றிவிட்டு, கல்யாணமே தங்களுடையதாகிவிட்டது என்று அவர்கள் நம்புகிறார்கள். அந்த அலங்காரமும் நிகழ்ச்சி அமைப்பாளர் காட்டிய ஆல்பத்திலிருந்து எடுத்ததுதான். அதே மேடை, அதே பாட்டு, அதே புகை அடுத்த வாரம் அடுத்த மண்டபத்தில் இருக்கும்.

இந்த மௌனம் தமிழகத்தில் கட்டாயமாக இருந்திருந்தால் நான் வருந்தியிருப்பேனே தவிர, குறை சொல்லியிருக்க மாட்டேன். சுயமரியாதைத் திருமணங்களுக்குச் சட்ட ஏற்பு தர அண்ணா அரசு 1967-இல் கொண்டுவந்த திருத்தம், இந்து திருமணச் சட்டத்தில் 7ஏ பிரிவைச் சேர்த்தது. உறவினர், நண்பர்கள் முன்னிலையில், இருவருக்கும் புரிகிற எந்த மொழியிலும், ஒருவரை ஒருவர் துணையாக ஏற்பதாகச் சொன்னாலே திருமணம் செல்லும், மாலை மாற்றினாலும், மோதிரம் அணிவித்தாலும், தாலி கட்டினாலும் செல்லும், புரோகிதர் தேவையில்லை. மணமக்களின் சொந்தச் சொல்லுக்கு இவ்வளவு இடம் ஒதுக்கிய சட்டம் கையில் இருக்கிறது. அந்த வழியில் மணம் முடிப்பவர்களும் அதை முழுதாகப் பயன்படுத்துவதில்லை. தலைவர்களின் வாழ்த்துரை ஒரு மணி நேரம் நீள, அச்சடித்த உறுதிமொழியை மணமக்கள் ஒரு நிமிடத்தில் ஒப்பித்துவிடுகிறார்கள். பக்கத்துத் தேவாலயத்தில், போதகர் கேட்க, மணமகளும் மணமகனும் சபை அறியத் தமிழில் வாக்குக் கொடுக்கிறார்கள். நிக்காஹ்வில் மணமகளின் சம்மதம் கேட்டுப் பெறப்படுகிறது. நம் ஊர் வழக்கத்துக்கு அந்நியமான எதையும் நான் கேட்கவில்லை.

‘மந்திரம் தொன்மையானது, அதில் கைவைக்கக் கூடாது’ என்பார்கள். அந்தத் தொன்மையை உண்மையிலேயே மதிப்பவர்களை நானும் மதிக்கிறேன். ஆனால் படக்காரர் கை காட்டியதும் மாங்கல்யதாரணத்தை நிறுத்தி, முடிச்சைப் பிடித்தபடி கேமராவைப் பார்க்க இசைகிற வீட்டார் அந்த வாதத்தைச் சொல்ல முடியாது. எதிரே கேமராக்கள் மறைத்து நிற்க, முன்வரிசை அத்தையும் சித்தப்பாவும் திரையில்தான் தாலிகட்டைப் பார்க்கிறார்கள். படத்துக்காகச் சடங்கு வளையலாம் என்றால், மணமக்கள் பேசுவதற்காகவும் வளையலாம். மந்திரத்தை நீக்கக்கூட வேண்டாம். அது முடிந்ததும் இருவரும் எழுந்து நின்று பேச இரண்டு நிமிடம் போதும்.

‘கூச்சமாக இருக்கும்’ என்பது அடுத்த பதில். முந்தின நாள் மாலை முழு மண்டபத்துக்கும் எதிரே ஆடியவர்களிடமிருந்து இதை ஏற்க முடியவில்லை. தயக்கத்தின் காரணம் இன்னும் ஆழத்தில் இருக்கிறது. வாய்விட்டுச் சொல்வதென்றால் எதைச் சொல்வது என்று இருவரும் முதலில் உட்கார்ந்து பேசியாக வேண்டும்: பெண் வேலையைத் தொடர்வாளா, அவள் சம்பளத்தில் அவள் பெற்றோருக்குப் பங்கு உண்டா, சமையலறை யார் பொறுப்பு, இரு வீட்டுப் பெற்றோர் நால்வரையும் வயதான காலத்தில் யார் பார்த்துக்கொள்வது. மேடைப் பூவுக்கு மாதக்கணக்கில் யோசிக்கும் பல வீடுகளில் இந்தப் பேச்சு நடப்பதே இல்லை. நடந்திருந்தால் உறவினர் அத்தனை பேரும் சாட்சியாக இருக்கும் அவையில் மாப்பிள்ளை அதைச் சொல்ல வேண்டியிருக்கும். பின்னால் பெண் அதை நினைவூட்டவும் முடியும்.