கண்ணெழுதும் கலைஞன்: மௌனப்படங்கள் மூன்று பற்றிய ஒரு நோக்கு

ஓவியனின் காதலைச் சித்திரிக்க முற்பட்ட மௌனப்படத்திற்கு உரையாடலின் துணை இருக்கவில்லை. எழுத்தட்டைகள் தரும் சில சொற்களுக்கு அப்பால், உள்ளத்தை உணர்த்தும் பொறுப்பு நடிகரின் முகத்தையே, சிறப்பாகக் கண்ணையே சார்ந்தது. ஆதலின் இவ்வகைப் படங்களை மதிப்பிடுவோர், பார்ப்பவன் யார், பார்க்கப்படுபவர் யார் என்பதையே முதற்கண் ஆராய்தல் வேண்டும்.

கார்ல் தியோடர் டிரேயர் ஜேர்மனியில் நெறிப்படுத்திய ‘மிக்கேல்’ (1924), ஹேர்மன் பாங்கின் நாவலைத் தழுவியது. முதிய ஓவியர் சோரே, இளவரசி ஒருத்தியின் உருவத்தைத் தீட்டுகிறார். கண்கள் மட்டும் கைவரவில்லை. அவற்றை எழுதி முடிப்பவன் அவர் மகனெனப் போற்றும் மிக்கேல். அவள்பால் காதல் கொண்டவன் அவனே. சோரேயின் அன்போ மிக்கேலிடமே தங்கியுள்ளது. கைத்திறன் நின்றுவிடும் இடத்திற் காதல் தொடர்கின்றது என்பதே இக்காட்சியின் பொருள்.

யெவ்கேனி பவரின் உருசியப் படமான ‘இறக்கும் அன்னம்’ (1917) இதற்கு மறுதலையானது. மரணத்தை வரைய விழையும் ஓவியன், பேச்சிழந்த நடனமாதின் துயரக் கண்களை நாடுகிறான். காதல் கைகூடி அக்கண்களில் மகிழ்ச்சி தோன்றியதும் அவளைக் கொன்றுவிடுகிறான். அவன் விரும்பியது அவளையன்று, தன் ஓவியத்தையே.

இந்தியாவில் எடுக்கப்பட்ட ‘சிராஸ்’ (1928) ஓவியனைப் பற்றியதன்றெனினும் இவற்றோடு ஒப்புநோக்கத்தக்கது. பிரான்ஸ் ஒஸ்டன் நெறியாள்கையில் ஹிமான்சு ராய் நடித்த இப்படத்திலே, குயவர் மகன் சிராஸ் தான் காதலித்த செலிமா அரசியாகி மறைந்தபின், பார்வையிழந்த முதுமையில் தாஜ்மகாலின் வடிவை அமைக்கிறான். மும்தாஜ் ஆசப்கானின் மகள். தாஜ்மகாலின் தலைமைச் சிற்பியாக உஸ்தாத் அகமது லாகோரி குறிக்கப்படுவார். வரலாற்றினின்று விலகிய இக்கதை, பேரரசனின் புகழ்ச்சின்னத்தை ஒரு கைவினைஞனின் நினைவாக மாற்றிவிடுகிறது. அதன் வலிமையும் அதுவே.

செட்டிபாளையம் முதலாய மட்டக்களப்பு வாவிக்கரை ஊர்களின் சைவ வாசகர்க்குக் கண்திறத்தற் சடங்கு புதிதன்று. சிங்களக் கைவினைஞர் புத்தர் படிமத்தை நேரே நோக்காது, கண்ணாடியிற் பார்த்தே அதன் கண்களைத் தீட்டுவர் என ஆனந்த குமாரசுவாமி பதிவுசெய்துள்ளார். எழுதப்பட்ட கண் எழுதியவனையே திரும்பிப் பார்க்கும் என்ற அச்சம் அவ்வழக்கில் உண்டு. மேற்கூறிய படங்களின் கலைஞர்க்கு இவ்வச்சம் இல்லை. நடனமாதின் தீக்கனவைக் காட்டும் பவர் ஒருவரே, பார்க்கப்படுபவளின் பார்வைக்கு உரிய இடமளித்தார். செலிமாவின் கண்கள் எதைக் கண்டன என்று ‘சிராஸ்’ வினவவில்லை. காதலைப் போற்றும் அப்படத்தின் பெருங்குறை இதுவெனலாம்.